வாய்மூடி உதிரும் முன்னே

“இல்லேங்காப்பூ பூத்து நிக்கிறப்ப மட்டும் என்கிட்ட எதையும் கேட்டுறாத, மேரி.”

“கேட்டா என்னவாம்?”

“கேட்டா நான் குடுத்துத்தானே ஆகணும். அதனாலதான் சொல்றேன்.”

“அப்படி என்னத்தக் கேட்டுறப் போறேன்? உங்க அக்கா மாதிரி பாம்படமா?”

சந்தியாகு சிரித்தான். சிரித்துவிட்டு, தோணியின் விளிம்பில் ஒட்டியிருந்த பாசியை நகத்தால் சுரண்டிக்கொண்டே சொன்னான்: “எங்கய்யாவைப் பாத்தேல்ல. கடலுக்குப் போகாதீகன்னு எங்கம்மா பூவை வச்சுக் கேட்டுருச்சு. மனுசன் சாகுற வரைக்கும் கரையிலயே உக்காந்திருந்தாரு. கடல்ல செத்திருந்தா ஒரு தடவைதான் செத்திருப்பாரு.”

“நான் கேக்க மாட்டேன்.”

“சத்தியமா?”

“சந்தியாகப்பர் மேல சத்தியம். போதுமா?”

வெள்ளைக்காரன் போன வருசம் நடந்த பேச்சு இது. அப்போது ஜோதிமேரி புதுப்பெண். தாலியின் மஞ்சள் வாசம்கூடப் போயிருக்கவில்லை. மன்னார்ப் பக்கம் சங்கு குளிக்கப் போகிறவனை வழியனுப்பக் கரைக்கு வந்திருந்தாள். சத்தியம் செய்த அந்த நேரத்தில்கூட அவள் தொண்டையில் ஒரு வார்த்தை நின்றுகொண்டிருந்தது. போகாதீக. அன்றைக்கு அந்தப் பூ பூத்திருக்கவில்லை. கேட்டிருந்தால் சத்தியத்துக்கு ஒரு குறையும் வந்திருக்காது. ஆனால் புதுப்பெண்ணுக்கு ரோஷம் அதிகம். கேட்டு வாங்குகிற அன்பு என்ன அன்பு என்று நினைத்தாள். வார்த்தையை எச்சிலோடு விழுங்கிவிட்டு, “போயிட்டு வாங்க” என்றாள்.

இந்த வருசம் வரைக்கும் அதுதான் அவர்கள் இருவரும் வாய்விட்டுப் பேசிய கடைசிப் பேச்சு. அதற்குப் பிறகு அவன் வராமல் இல்லை. வருசம் தவறாமல் வந்தான். எப்போது வந்தான் என்பதில்தான் இருந்தது எல்லாம்.

சிப்பிக்குடாவில் சித்திரை, வைகாசி என்று யாரும் சொல்வதில்லை. மண்டபத்து மளிகைக்கடைக்காரர் வருசா வருசம் கொடுக்கிற நாள்காட்டியில் தாள் கிழிப்பது வறுத்த கடலை மடிக்கத்தான். கோயிலில் சாமியார் தவக்காலம் என்பார், பாஸ்கா என்பார், மண்டியிட்டுக் கேட்டுக்கொள்வார்கள். ஆனால் பிறந்ததையும் செத்ததையும் சொல்ல ஊருக்கு ஐந்து பூ இருந்தது. கோயிலுக்குப் பின்னால் மணல்மேட்டுக்கு நடுவே ஒரு பள்ளம். அந்த ஐந்தும் உலகத்தில் அங்கே மட்டும்தான் வளர்ந்தன. ஒன்று உதிர்ந்தால்தான் அடுத்தது பூக்கும்.

வாடைக்காற்று ஓய்ந்ததும் கரைவெள்ளி பூக்கும். பூத்த நாள் முதல் கடல் தான் எடுத்துக்கொண்டதை எல்லாம் திருப்பித் தரும். அறுந்த வலை, போன வருசம் தவறிய துடுப்பு, யாரோ ஒருத்தியின் செம்பு. ஆட்களை மட்டும் தருவதில்லை. அது உதிர்ந்ததும் விளக்குக்கொடி. பொழுது சாய்ந்தால் பள்ளம் முழுக்கத் தணல் போலப் பூ எரியும். தோணிகள் அந்த வெளிச்சத்தைப் பார்த்தே கரை பிடிக்கும். அதற்கடுத்து இனிப்புச்செவ்வி. ஊர்க் கிணறுகளின் உப்பெல்லாம் போய் இளநீர் மாதிரி ஆகிவிடும். நூறு பேருக்குச் சோறு பொங்க நல்ல தண்ணீர் வேண்டுமே, கல்யாணமெல்லாம் அப்போதுதான்.

நாலாவது வாய்மூடி. ஆடிக்காற்றில் பள்ளத்தின் தரையோடு படர்ந்து, மூடிய உதடு போன்ற ஊதாப்பூ விடும். அது பூத்திருக்கும்வரை ஊருக்குள் எந்த மனிதக் குரலும் எழும்பாது. நாய் குரைக்கும், காகம் கரையும், அலை அடிக்கும், மனிதனுக்கு வெறும் வாயசைவு மட்டும். மீன் பேரம் பேச வேண்டுமென்றால் ஊரெல்லையில் இருக்கும் உப்போடையைத் தாண்ட வேண்டும். பூவின் ஆட்சி ஓடைவரைதான். பூசைக்குக் குறைவில்லை. “லத்தீன்ல சொல்றது கேட்டா மட்டும் வெளங்கவா போகுது” என்பாள் சந்தியாகுவின் அக்கா யாகப்பம்மாள்.

கடைசிப் பூ மறுக்காப்பூ. ஊர் வாயில் இல்லேங்காப்பூ. வாய்மூடியின் கடைசிப் பூ தானாக உதிர்ந்த மறுநாள் விடிகாலையில் அது விரியும். பள்ளத்தின் தலைமாட்டில் ஒரே ஒரு செடி, உள்ளங்கை அகல வெள்ளைப்பூ. அடுத்த கரைவெள்ளிவரை அது உதிராது. ஆனால் விரிந்த அன்று பொழுது சாயும்வரை மட்டும், ஒருவர் இன்னொருவரிடம் கேட்டதை மறுக்க முடியாது. ஒரு ஆளுக்கு ஆயுளுக்கு ஒரு தடவைதான் அந்தக் கேள்வி. அன்றைக்கு வட்டிக்கடைக்காரர் தவறாமல் அபிராமத்தில் கொழுந்தியாள் வீட்டில் இருப்பார். கட்டின புருசன்மார்கூட அடுப்படிப் பக்கம் தலைகாட்டமாட்டார்கள்.

சந்தியாகு முதல் வருசம் வாய்மூடிக்கு வந்தபோது, காற்று தோதாக இருந்திருக்கும் என்று ஜோதிமேரி நினைத்துக்கொண்டாள். ஊமைப் பாஷையில் சமையல் பண்ணினாள். அவன் கை காட்டினான், இவள் சிரித்தாள். வாய்மூடியின் கடைசிப் பூ உதிரும் முன்னே அவன் தோணி ஏறினான். இரண்டாம் வருசமும் அப்படியே. அதற்கடுத்த வருசம் அவன் பையைத் துவைக்க எடுத்தபோது, மஞ்சாடி விதை கோத்த சின்னஞ்சிறு வளையல் ஒன்று விழுந்தது. அந்த வீட்டில் எந்தக் கையிலும் ஏறாத வளையல். அவளுக்குத் தங்கிய பிள்ளை ஒன்றும் இல்லை. அதை எடுத்து, துடைத்து, பைக்குள்ளேயே வைத்தாள்.

அவன் நாள் பார்த்து வருவதில்லை, பூப் பார்த்து வருகிறான் என்று அன்றைக்குத்தான் புரிந்தது. எவரும் எதையும் கேட்க முடியாத மாதம் பார்த்து வருகிறான். கையைப் பிடித்து இழுத்து ஓடையைத் தாண்டிக் கொண்டுபோயிருக்கலாம். அதற்கும் ரோஷம் விடவில்லை. பூ பிடித்து வைத்த புருசன் வேண்டாம், கெஞ்சி நிறுத்திய புருசனும் வேண்டாம். இப்படியே பாஸ்போர்ட்டு வந்தது, விசா வந்தது, கடலில் போலீஸ் தோணி வந்தது. சந்தியாகு அதற்கெல்லாம் தப்பிக் கள்ளத்தோணியில் வாய்மூடிக்கு வந்து, வாய்மூடியோடு போய்க்கொண்டிருந்தான். அவன் குரல் எப்படி இருக்கும் என்பது அவளுக்கு மெல்ல மறந்துபோனது. முகம் இருந்தது, கை இருந்தது, குரல் மட்டும் இல்லை.

இந்த வருசம் அவனைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள்.

தோணிக்காரன் சந்தனமும் இன்னொருத்தனும் பாயோடு தூக்கிவந்து வீட்டுக்குள் கிடத்தினார்கள். சங்கு குளித்துக் குளித்து அகன்றிருந்த மார்பு, ஒடிந்த கூடை மாதிரி உள்ளே போயிருந்தது. அவன் இருமினான். இருமலைப் பூ தடுக்கவில்லை. அவன் தொண்டையிலிருந்து இத்தனை வருசத்துக்குப் பிறகு அவள் கேட்ட சத்தம் அந்த இருமல்தான். துணியில் சிவப்பு வந்தது.

சந்தனம் வாசலில் நின்று ஓடைப் பக்கம் கை காட்டினான். சிப்பிக்குடாவில் வாய்மூடிக் காலத்தில் ஒருவர் ஓடைக்குக் கூப்பிட்டால் நல்ல செய்தியாக இருக்காது. ஜோதிமேரி முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு அவன் பின்னால் நடந்தாள். முழங்கால் தண்ணீரில் இறங்கி அந்தப் பக்கம் ஏறியதும் சந்தனத்துக்குக் குரல் வந்தது.

“கோவிச்சுக்காத, தங்கச்சி. மன்னார்ல, பேசாலையில வச்சுப் பாத்தாக. ஆகல. ஊருக்குக் கொண்டு போயிருன்னு அண்ணன்தான் சொன்னாக.”

“யாரு வச்சுப் பாத்தது?”

அவன் ஈரக்காலை மணலில் தேய்த்தான். “அந்த வீட்ல.”

“அழுதாளா?”

“அழுதுச்சு. ரெண்டு புள்ளையும் கரையில நின்னுச்சுக.”

“அங்கன இருந்திருக்கலாமே. அழுகறதுக்கு ஆளாச்சும் இருந்திருக்கும்.”

“நானும் சொல்லிப் பாத்தேன். வாய்மூடி பூத்துருச்சா, பூத்துருச்சான்னுதான் கேட்டுக்கிட்டே இருந்தாக. என்கிட்டப் போயி கேக்குறாக. நான் ஆட்டுமாசத்தான், எனக்கு ஏது பூவும் பிஞ்சும்?”

வழக்கமாக அவள் அதற்குச் சிரிப்பாள். சந்தனம் பிறந்த வருசம் வெள்ளாடு ஒன்று பள்ளத்தில் இறங்கி வாய்மூடியைப் பூவும் கொடியுமாக மேய்ந்துவிட்டது. ஊருக்குக் குரல் திரும்பியது, ஆனால் மறுக்காப்பூ மொட்டோடு கருகிப்போனது. அடுத்த கரைவெள்ளிவரை ஊர் எந்த மாதத்திலும் இல்லை. அந்த இடைவெளியில் பிறந்தவன் அவன். ஊரில் எல்லாருக்கும் பிறந்த பூ உண்டு, அவனுக்கு ஆடுதான். பிறந்தவனையாவது கேலி பேசிச் சமாளித்தார்கள். அந்த நாட்களில் செத்த ஒருத்திக்கு என்ன செய்வதென்றே தெரியவில்லை. செத்தவர்களுக்கு அவரவர் மாதத்துப் பூ பூக்கும்போதுதான் கல்லறையில் மெழுகுவத்தி ஏற்றுவார்கள். அவள் கல்லறையில் இன்றுவரை யாரும் ஏற்றியதில்லை.

பாம்பனிலிருந்து டாக்டர் வந்தார். மார்பில் குழாயை வைத்துக் கேட்டார். ஏதோ சொல்ல வாயெடுத்து, சத்தம் வராமல் திகைத்து, பிறகு நினைவு வந்தவராகக் குடையை எடுத்துக்கொண்டு ஓடைக்கு நடந்தார். ஜோதிமேரியும் யாகப்பம்மாளும் பின்னால் போனார்கள்.

“ரெண்டு நுரையீரலும் போயிடுச்சும்மா” என்றார் அவர், குடைக்குள் முகத்தை வைத்துக்கொண்டு. “ராமநாதபுரம் பெரியாஸ்பத்திரிக்கு எடுத்துட்டுப் போற கட்டம் தாண்டிப் போச்சு. அசைச்சாலே ரத்தம் வரும். கஞ்சித் தண்ணி கொடுங்க. பக்கத்துல இருங்க.”

“எத்தன நாளைக்கு?” என்று கேட்டாள் யாகப்பம்மாள்.

அவர் வானத்தைப் பார்த்தார். படித்தவர்களும் அந்தக் கேள்விக்கு அங்கேதான் பார்க்கிறார்கள்.

டாக்டர் போன பிறகு இரண்டு பெண்களும் ஓடைக்கரையில் உட்கார்ந்துவிட்டார்கள். இந்தப் பக்கம் இருக்கும்வரைதான் பேச்சு என்பதால் எழுந்திருக்க மனம் வரவில்லை. யாகப்பம்மாளின் காதில் பாம்படம் தோளைத் தொட்டு ஆடியது.

“கேட்டுரு, மேரி.”

“எதை மதினி?”

“எதையாம். என் வாயில இருந்து வரணுமாக்கும். இல்லேங்காப்பூ விரிஞ்ச அன்னைக்கு அவன்கிட்ட போகாதன்னு கேட்டுரு. அவனால மறுக்க முடியாதுல்ல.”

“சாவுகூடவா மறுக்காது?”

“எனக்கென்ன தெரியும். தெக்குத்தெரு முருகம்மா, காச்சல்ல கெடந்த மகனைக் கண்ணைத் தொறடான்னா, தொறந்தான். இன்னைக்கு மூணு புள்ளைக்கு அப்பன். காச்சல் எறங்குற நேரம் அதுங்கறவுகளும் உண்டு.”

“நான் சத்தியம் பண்ணிருக்கேன் மதினி. கேக்க மாட்டேன்னு.”

“சத்தியத்தைச் சோத்துல போட்டுப் பெசஞ்சு திங்கப் போறியா?”

யாகப்பம்மாள் குரலைத் தாழ்த்தினாள்.

“எனக்குக் கேக்கத் தெரியல புள்ள. பதினாறு வயசு. பூ விரிஞ்ச அன்னைக்கு அந்த மனுசனைப் பிடிச்சு நிறுத்தி, பாம்படம் வேணும்னேன். தோணியில பாதிப் பங்கை வித்து வாங்கிக் குடுத்தாரு. அந்த வாடையிலேயே கடல் அவரைக் கொண்டு போயிருச்சு. அதுக்கப்புறம் வருசா வருசம் அந்தப் பூ விரியுது. நான் கேக்குறதுக்கு ஒண்ணும் மிச்சமில்ல. என் ஆயுசுக் கேள்வியைக் காதுல தொங்க விட்டுட்டு அலையிறேன்.” பாம்படத்தைப் பிடித்து ஒரு தட்டுத் தட்டினாள். “இது ஆடுறப்பல்லாம் ‘கேணச்சிறுக்கி, கேணச்சிறுக்கி’ன்னுதான் எனக்குக் கேக்கும்.”

“பூ பிடிச்சு வச்ச புருசன் வேணாம்னு இருந்தேன் மதினி. அவுகளா நிக்கணும்னு இருந்தேன்.”

“இப்ப?”

“இப்ப எப்படி நின்னாலும் சரி. மூச்சு நின்னுறாம இருந்தாப் போதும்.”

அன்றிலிருந்து அவளுக்கு வேலை இரண்டானது. ஒன்று அவனைப் பார்ப்பது. இன்னொன்று பள்ளத்தைப் பார்ப்பது. கஞ்சியை வடித்து ஆற வைத்துவிட்டு மணல்மேட்டில் ஏறுவாள். வாய்மூடி நன்றாக, கொழுகொழுவென்று, எப்போது பார்த்தாலும் நேற்று பூத்த மாதிரி இருக்கும். மற்ற வருசங்களில் இந்தப் பூ சீக்கிரம் உதிர்கிறதே என்று ஏங்கியவள் அவள். அது உதிர்ந்தால் அவன் போய்விடுவான். இந்த வருசம் அதே பூ உதிராதா என்று நின்றாள். தலைமாட்டில் மறுக்காப்பூவின் மொட்டு பச்சையாக, இறுக மூடி, பிறந்த குழந்தையின் கை போல இருந்தது.

திரும்பி வந்தால் இருமல்.

அவன் சாப்பிடுவது குறைந்தது. கஞ்சியைத் துணியில் நனைத்து உதட்டில் வைத்தாள். ஒருநாள் கடல் பக்கம் கை நீட்டினான். கதவைக் கழற்றியே வைத்துவிட்டாள், படுத்தபடி அவன் கடலைப் பார்க்கட்டும் என்று. இன்னொரு நாள் கோயில் பக்கம் விரலைக் காட்டி, விரல்களை மொட்டாகக் குவித்து, மெல்ல விரித்தான். மறுக்காப்பூ பூத்துவிட்டதா என்று கேட்கிறான். அவள் இல்லை என்று தலையாட்டினாள். அவன் கண்ணை மூடிப் பெருமூச்சு விட்டான். அந்த முகத்தில் வந்த நிம்மதியை அவள் பார்த்தாள். கன்னத்தில் அறைந்திருந்தால்கூட அவளுக்கு அப்படி வலித்திருக்காது.

இத்தனை பயமா என்னிடம் உனக்கு? மனசுக்குள் முதல்முறையாக அவனை ஒருமையில் பேசினாள். அந்த வீட்டுக்காரி என்ன கேட்டாளாம்? அவள் கேட்டதற்கு நின்றாயே, வீடு கட்டினாயே, வளையல் கோத்தாயே. ஒரு சத்தியத்தை வாங்கி என் வாயைக் கட்டிவிட்டு, அதுவும் போதாமல் வாய்மூடியையும் துணைக்குக் கூட்டிக்கொண்டு வந்தாயே.

அழுகைக்கும் அந்த மாதத்தில் சத்தம் இல்லை. தோள் மட்டும் குலுங்கும். அவன் பார்த்துக்கொண்டே இருந்தான்.

அந்த வாரக் கடைசியில் அவன் மூச்சு மாறியது. இழுத்த மூச்சு வெளியே வர மறந்துபோய், யோசித்து, பிறகு வந்தது. பிணத்தைக் குளிப்பாட்டிப் பழகியவள் யாகப்பம்மாள். வந்து அவன் பாதத்தைத் தொட்டுப் பார்த்தாள். ஜில்லென்றிருந்தது போல. ஜோதிமேரியின் முகத்தைப் பார்க்காமல் ஓடைப் பக்கம் கை காட்டினாள். ஜோதிமேரி போகவில்லை. என்ன சொல்லப் போகிறாள் என்பதற்கு ஓடை தேவைப்படவில்லை. இன்றைக்கோ நாளைக்கோ.

உச்சிவெயில் நேரம். ஊர் வலைகளை உலரப் போட்டுவிட்டு நிழலில் சாய்ந்திருந்தது. நாத்தனாரை அவன் பக்கத்தில் உட்கார வைத்துவிட்டு ஜோதிமேரி மணல்மேட்டில் ஏறினாள்.

முக்கால்வாசிப் பூ உதிர்ந்திருந்தது. ஆனால் பள்ளத்தின் ஈரமான ஓரத்தில் ஒரு கொத்து இன்னும் தெளிவாகப் பூத்திருந்தது. அதற்கு இன்னும் ஐந்தாறு நாள் ஆயுசு இருக்கும். அவனுக்கு இல்லை.

ஆடு மேய்ந்த கதை அவளுக்குத் தெரியும். பறிக்கக் கூடாது என்று நடக்கப் பழகும்போதே சொல்லி வளர்த்த ஊர். ஆனால் முங்குகிறவன் நுரையையும் கயிறாகத்தான் பார்ப்பான். ஆடு கடித்தது, கொடியோடு தின்றது, அதனால்தான் மொட்டு கருகியது என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். நான் கடிக்கவில்லையே. பறிக்கவும் போவதில்லை. கொடியைப் பிடித்து ஒரு உலுக்கு. காற்று உலுக்காதா? உலுக்கி உதிர்ந்தால் உதிர்ந்ததுதானே?

மண்டியிட்டாள். கொடியின் அடியைப் பிடித்து, கைப்பிள்ளையை எழுப்புவது போல மெல்ல அசைத்தாள். ஒரு பூ விழுந்தது. இன்னும் கொஞ்சம் அசைத்தாள். விழவில்லை. பிறகு அவளுக்கு எதுவும் ஞாபகமில்லை. இரண்டு கையாலும் பிடித்து, முடியைப் பிடித்து உலுக்குகிற மாதிரி, பல்லைக் கடித்துக்கொண்டு உலுக்கினாள். ஊதா இதழ்கள் மணலிலும் மடியிலும் தலைமுடியிலும் விழுந்தன. கடைசிப் பூ விழவே இல்லை. அதை விரலால் சுண்டினாள்.

“உதிந்திரு” என்றாள்.

சத்தம் வந்தது. தன் குரலைக் கேட்டு அவளே திடுக்கிட்டுப் பின்னால் சாய்ந்தாள். மேட்டுக்கு அந்தப் பக்கம் யாரோ ஒரு பெண், “ஏலே, கஞ்சியைக் குடிச்சுட்டு ஓடு” என்று கத்திக்கொண்டே, தான் கத்துவதை உணர்ந்து பாதியில் நிறுத்தினாள். பிறகு ஊர் முழுவதும் ஒரே நேரத்தில் பேசத் தொடங்கியது. இன்னும் நாள் இருக்கே, யாரு, என்னாச்சு என்று எல்லாக் குரலும் ஒன்றன்மேல் ஒன்று ஏறி விழுந்தன.

ஜோதிமேரிக்கு அதெல்லாம் காதில் ஏறவில்லை. தவழ்ந்து மறுக்காப்பூச் செடியிடம் போனாள். நாளை விடிகாலை விரிய வேண்டும். விரிந்துவிடும். அதுவரை அவன் மூச்சைக் கையால் பிடித்தாவது வைத்துக்கொள்ளலாம். மொட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

மொட்டின் நுனியில் பொட்டளவு பழுப்பு தெரிந்தது. நிழல் என்று நினைத்துக் கையால் மறைத்துப் பார்த்தாள். நிழல் இல்லை. பழுப்பு பார்க்கப் பார்க்கவே கீழே இறங்கியது, சூடு பட்ட காகிதம் சுருங்குவது போல. காம்பு தளர்ந்தது. பச்சைக் குழந்தைக் கை கருத்து, கிழட்டு விரலாகி, தலை கவிழ்ந்தது.

மேட்டின்மேல் ஆட்கள் கூடிவிட்டார்கள். ஒருவரும் திட்டவில்லை. அவள் மடியில் கிடந்த இதழ்களையும், கருகிய மொட்டையும் பார்த்துவிட்டு நின்றார்கள். சந்தனம்தான் இறங்கி வந்து அவளுக்குக் கை கொடுத்தான்.

“எந்திரி தங்கச்சி. என்ன செய்ய. எனக்கும் கூட்டாளிக வேணும்ல.”

சிரிக்க வைக்கத்தான் சொன்னான். சொல்லி முடித்ததும்தான் சொன்னது அவனுக்கே உறைத்தது. இன்றிலிருந்து கரைவெள்ளி வரைக்கும் ஊருக்கு மாதம் இல்லை. இந்த நாட்களில் போகிறவனுக்குப் பூ இல்லை. எந்தப் பூ பூக்கும்போது சந்தியாகுவுக்கு மெழுகுவத்தி ஏற்றுவாள்? உயிரோடு அவன் நிற்பதற்கு ஒரு நாளைத் தேடிப் போனவள், அவன் செத்த பிறகு நினைப்பதற்கு இருந்த நாளையும் தொலைத்துவிட்டு எழுந்தாள்.

வீட்டு வாசலில் யாகப்பம்மாள் எதிரே ஓடிவந்தாள். “பேசுறான் புள்ள. உன் பேரைத்தான் சொல்றான். போ” என்று அவளை உள்ளே தள்ளிவிட்டு, தான் வெளியே நின்றுகொண்டாள்.

அவன் விழித்திருந்தான். ஊர் பேசுவது அவனுக்கும் கேட்டிருக்கிறது.

“மேரி.”

அது அவள் மறந்த குரலாக இல்லை. அவளுக்குத் தெரியாத வேறு ஒருவனின் குரலாக இருந்தது. கரகரவென்று, நடுவில் காற்று ஒழுகி, அந்தக் கரையின் இழுப்போடு இருந்தது.

“பூத்திட்டுதா?”

கண்ணில் பழைய பயம். பூத்துவிட்டது என்று ஒரே ஒரு வார்த்தை சொன்னால் போதும். நம்பிவிடுவான். நம்பினால், நிற்க வேண்டும் என்று அவன் உடம்பு ஒருவேளை முயன்றும் பார்க்கும். அவள் அவன் தலைமாட்டில் உட்கார்ந்தாள். தலைமுடியில் இருந்து ஊதா இதழ் ஒன்று அவன் நெற்றியில் விழுந்தது. அதை எடுத்து அவனிடம் காட்டினாள்.

“பூக்கல. மொட்டுலயே கருகிருச்சு. நான்தான் வாய்மூடியை உதுத்துவிட்டேன்.”

“ஏன்?”

“உங்ககிட்டக் கேக்கணும்னு. அதுக்குள்ள போயிருவீகளோன்னு.”

“சத்தியம் பண்ணினியே.”

“பண்ணினேன். உடைக்கத்தான் போனேன். அதுக்கும் எனக்குக் குடுத்து வைக்கல.”

அவன் உதட்டோரம் லேசாக அசைந்தது. சிரிப்பாக இருக்கலாம். அது இருமலில் முடிந்தது. அவள் துணியால் துடைத்தாள். அடங்கும்வரை மார்பில் கையை வைத்துக்கொண்டிருந்தாள். பிறகு, இத்தனை வருசம் விரலாலும் கண்ணாலும் கேட்க முடியாமல் இருந்ததைக் கேட்டாள்.

“ஏன் வாய்மூடிக்கே வந்தீக, வருசா வருசம்? பூவை வச்சுக் கேக்க மாட்டேன்னுதான் சொல்லிருந்தேன்ல. என்னை நம்பலையா?”

“உன்னை நம்பினேன்.” மூச்சு வாங்கினான். “என்னைத்தான் நம்பல. பூ இல்லாமலே நீ கேட்டாலும்... இருந்திருவன் எண்டு.”

வெளியே ஊரின் சத்தம் மெல்ல அடங்கிக்கொண்டிருந்தது. அவள் அசையாமல் உட்கார்ந்திருந்தாள். அன்றைக்குத் தோணியோரத்தில் விழுங்கிய ஒற்றை வார்த்தை. அதைச் சொல்லியிருந்தால் அந்தப் பாசியைச் சுரண்டின விரல் அதோடு நின்றிருக்கும். தோணி கரையேறியிருக்கும். பேசாலையில் ஒரு வீடு இருந்திருக்காது. இத்தனை வருசமும் பூவையும் புருசனையும் குறை சொல்லிக்கொண்டு, வாய் இருந்தும் மூடிக்கொண்டவள் அவள்தான்.

அவன் கை பாயின்மேல் நகர்ந்து வந்து அவள் கையைத் தொட்டது. விரல் ஜில்லென்றிருந்தது. மூச்சு உள்ளே போய், வெளியே வர யோசித்தது.

“இப்பக் கேளு” என்றான்.

இப்போது பூ இல்லை. கட்டிப் போட எதுவும் இல்லை. அவன் மறுக்கலாம். அவன் மறுக்காவிட்டாலும் அந்த மார்பு மறுத்துவிடும் என்பது இருவருக்கும் தெரியும். அவள் குனிந்து, அவன் காதருகே வாயை வைத்தாள். ரோஷம் என்று ஒன்று இருந்த இடத்தைத் தேடிப் பார்த்தாள், காணவில்லை. பாழாய்ப்போன குரல் மட்டும் இருந்தது.

“போகாதீக” என்றாள் ஜோதிமேரி. “என்னோட இங்கனயே இருங்க.”